பூனைக்குட்டிக்கு நூற்றுக்கு நூறு

தமிழ்நாட்டில் கிராம நிர்வாக அலுவலர் ஆக வேண்டுமென்றால் தமிழில் 40 விழுக்காடு வாங்கியாக வேண்டும். 2021 டிசம்பரில் வந்த அரசாணை அப்படிச் சொல்கிறது. குரூப் 4 தேர்வின் தமிழ்ப் பகுதியில் அந்த 40 வராவிட்டால் மீதி விடைகளைத் திருத்தவே மாட்டார்கள். நல்லது. பட்டா மாறுதல் மனுவை வாங்கிப் படிக்கிறவருக்குத் தமிழ் தெரிந்திருக்கத்தான் வேண்டும். ஆனால் நாளைக்கு அதே மனுவைப் படிக்கப் போகிற, நாம் பேசுவதைக் கேட்டு எழுதப் போகிற, எழுதியதைச் சுருக்கி அதிகாரி மேசையில் வைக்கப் போகிற இயந்திரத்துக்கு இந்தத் தொல்லை எதுவும் கிடையாது. அது வரும்போதே மதிப்பெண்ணோடு வருகிறது. ‘தமிழில் இத்தனை விழுக்காடு துல்லியம்’ என்று மேடையில் ஒருவர் சொல்கிறார். திரையில் பச்சைக் கட்டம் ஒன்று உயர்கிறது. முன்வரிசை கைதட்டுகிறது. இந்த விடைத்தாளைத் திருத்தியது யார் சார், என்று யாரும் கேட்பதில்லை.

நாம் கேட்போம்.

ரூஜ் என்றொரு அளவுகோல் உண்டு. சின்-யூ லின் 2004இல் வகுத்தது. இயந்திரம் ஒரு செய்தியைச் சுருக்கினால், மனிதர் எழுதிய சுருக்கத்தோடு அதில் எத்தனை சொற்கள் ஒத்துப்போகின்றன என்று எண்ணி மதிப்பெண் போடும். இதைக் கணக்கிடப் பரவலாகப் புழங்குவது கூகுள் ஆய்வுப் பிரிவு வெளியிட்ட ஒரு பைதான் நிரல். சொற்களைப் பிரிக்கும் வேலைக்கு அதில் ஒரு வரி இருக்கிறது. ஆங்கிலத்தின் 26 எழுத்து, பத்து இலக்கம், இவை தவிர எது கண்ணில் பட்டாலும் அழித்துவிட்டு அங்கே இடைவெளி போடு. அந்த வரியின் வேலை அவ்வளவுதான்.

இப்போது தமிழைக் கொடுங்கள். மனிதர் எழுதிய சுருக்கம் அழிந்துபோகும். இயந்திரம் எழுதியதும் அழிந்துபோகும். வெறுமையை வெறுமையோடு ஒப்பிட்டு நிரல் பூச்சியம் போடும். மனிதர் எழுதிய அதே சுருக்கத்தை ஓர் எழுத்து மாற்றாமல் விடையாகக் கொடுத்தாலும் பூச்சியம்தான். இளங்கோவடிகளே வந்து எழுதினாலும் பூச்சியம்.

எப்போதும் பூச்சியம் வந்தால் யாராவது சந்தேகப்பட்டிருப்பார்கள். வினை என்னவென்றால், தமிழ்ச் செய்தியில் இலக்கங்கள் வரும். சரியான சுருக்கம் ‘2015 டிசம்பரில் பெய்த பெருமழையில் அடையாற்றங்கரை வீடுகள் மூழ்கின’ என்று இருக்கிறது. இயந்திரம் ‘2015 டிசம்பரில் எங்கள் வீட்டுப் பூனை குட்டி போட்டது’ என்று எழுதுகிறது. நிரலின் கண்ணுக்கு இரண்டு விடையிலும் தெரிவது 2015 மட்டும். தனிச்சொல் ஒற்றுமையைப் பார்க்கும் அளவில் பூனைக்கு நூற்றுக்கு நூறு. வெள்ளத்தைப் பற்றி ஒழுங்காக எழுதி, ஆண்டைக் குறிப்பிடாமல் விட்ட இயந்திரத்துக்குப் பூச்சியம். ஆயிரக்கணக்கான செய்திகளுக்கு இப்படி மதிப்பெண் போட்டுச் சராசரி எடுத்தால் பார்க்க மரியாதையான ஒரு பதின்ம எண் கிடைக்கும். அதைக் கட்டுரையில் அட்டவணையாகப் போடலாம். மூன்றாம் தசம இடம் வரைக்கும் போடலாம். தமிழ் இயந்திரம் ஒன்று ‘முன்னேறியிருக்கிறது’ என்றால் அது இலக்கம் எழுதுவதில் முன்னேறியிருக்கிறது என்று பொருள்.

இதைக் கண்டுபிடிக்க மொழியியல் பட்டம் தேவையில்லை. டாக்காவின் பொறியியல் பல்கலைக்கழகத்துக்காரர்கள் 2021இல் பிபிசி செய்திகளைக் கொண்டு 44 மொழிகளுக்குச் சுருக்கத் தரவு திரட்டியபோது பல மொழிகளுக்கும் பொருந்தும்படி ரூஜை மாற்றியமைத்தார்கள். அந்த 44இல் தமிழும் ஒன்று. வங்காளிகள் நமக்கும் சேர்த்துச் செய்து கொடுத்தார்கள், நன்றி. மூல நிரலில் இப்போது வேறு சொற்பிரிப்பானைச் சொருகிக்கொள்ள ஒரு துளை விட்டிருக்கிறார்கள். சொருகாவிட்டால் பழைய பூனைதான்.

எல்லோருக்கும் பூச்சியம் போடுகிற ஆள் ஒருவர் என்றால், எல்லோருக்கும் அள்ளிப் போடுகிறவரும் இருக்கிறார். அவர் ஆபத்தானவர்.

2022 செப்டம்பரில் ஓப்பன்ஏஐ ‘விஸ்பர்’ என்ற கருவியை வெளியிட்டது. பேசுவதைக் கேட்டு எழுதும். அது எழுதியதையும் சரியான படியையும் ஒப்பிடும் முன், காற்புள்ளி, கேள்விக்குறி போன்ற அற்பங்களால் மதிப்பெண் குறையக் கூடாதே என்று இரண்டையும் ‘சீராக்குகிறார்கள்’. ஆங்கிலம் அல்லாத மொழிகளுக்கு விதி இது: யூனிகோடில் நிறுத்தக்குறி, சின்னம், ஒட்டுக்குறி என்று வகைப்படுத்தப்பட்ட எதையும் நீக்கி இடைவெளி போடு. மறைத்துச் செய்யவில்லை, விஸ்பர் பற்றிய ஆய்வுக் கட்டுரையின் பின்னிணைப்பில் வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார்கள். தமிழில் எவையெல்லாம் ஒட்டுக்குறி? கால், கொம்பு, சுழி, ஒற்றைக்கொம்பு, இரட்டைக்கொம்பு, புள்ளி. அதாவது உயிர், ஆய்தம், அகரம் ஏறிய உயிர்மெய் தவிர மற்ற எல்லா எழுத்திலும் ஒட்டிக்கொண்டிருப்பவை.

காலை, கூலி, கேலி, காலி, கொலை. ஐந்தையும் அந்தச் சீராக்கியில் போடுங்கள். ஐந்தும் ‘க ல’ என்று வெளியே வரும். (‘கலை’ மட்டும் தப்பிக்கும். அதன் ககரத்தில் ஒட்டு எதுவும் இல்லை. ‘கல’ என்று ஒட்டியபடி வரும். கலைக்கு ஒரு ஆறுதல்.) சாட்சி ‘கொலை நடந்தது’ என்று சொல்ல, இயந்திரம் ‘கேலி நடந்தது’ என்று எழுதினால் பிழை விழுக்காடு பூச்சியம்.

இதைவிடக் கொடுமை வினைமுற்றில் இருக்கிறது. ‘குத்தினான்’ என்பதையும் ‘குத்தினேன்’ என்பதையும் சீராக்கினால் இரண்டும் ‘க த த ன ன’. ஒருவன் சொன்ன சாட்சியத்தை இயந்திரம் அவனுடைய வாக்குமூலமாக மாற்றி எழுதுகிறது. மதிப்பீட்டு அட்டவணை அதற்கு ‘சரி’ போடுகிறது. தமிழில் யார் செய்தது, எத்தனை பேர், ஆணா பெண்ணா, நடந்ததா நடக்கப் போகிறதா என்பதெல்லாம் சொல்லின் வாலில்தான் இருக்கிறது. அந்த வாலை வெட்டிவிட்டுத்தான் மாட்டின் நிறத்தைச் சரிபார்க்கிறார்கள்.

இன்னொரு சில்லறைத் தில்லுமுல்லும் உண்டு. ஒட்டுக்குறி இருந்த இடத்தில் இடைவெளி விழுவதால் ‘நீதிமன்றம்’ என்ற ஒரு சொல் ‘ந’, ‘த’, ‘மன’, ‘றம’ என்று நான்கு சொல்லாகிறது. பிழை விழுக்காடு என்பது பிழைகளை மொத்தச் சொற்களால் வகுப்பது. மேலே உள்ள பிழைகளை அழித்தாயிற்று. கீழே உள்ள சொற்களைப் பெருக்கியாயிற்று. எண் சரசரவென்று இறங்குவதற்குக் கேட்க வேண்டுமா?

அந்த நிரலில் இந்தச் செயலுக்கு மேலே எழுதியிருக்கும் குறிப்புதான் உச்சம். ஒலிக்குறிகளைக் காப்பாற்றிக்கொண்டே மற்றவற்றை நீக்குவதாக அது சொல்கிறது. பொய் சொல்லவில்லை. பிரெஞ்சுக்காரரின் ஈ-க்கு மேலே உள்ள சாய்கோடு பத்திரமாகவே இருக்கும், ஏனென்றால் எழுத்தும் கோடும் சேர்ந்த அந்த உருவத்துக்கு யூனிகோடு தனி இடம் கொடுத்திருக்கிறது. நம் ‘கு’வுக்குத் தனி இடம் இல்லை, க ஒன்று, அதன் பின்னால் உகரக் குறி ஒன்று என்று இரண்டாகத்தான் அது கோப்பில் கிடக்கிறது. எழுதியவர் பாரிஸை நினைத்துப் பார்த்தார். மதுரையும் யாழ்ப்பாணமும் அவர் நினைவுக்கு வரவில்லை. வராதது குற்றமில்லை என்று விட்டுவிடலாம். ஆனால் அதே கட்டுரையில் தமிழுக்கும் ஒரு பிழை விழுக்காடு போட்டு அச்சிட்டார்களே, அந்தக் கட்டத்தை நிரப்பும்போது ஒரே ஒரு தமிழ் வரியைத் திறந்து பார்த்திருந்தால்? கேரளத்து ஆய்வாளர்கள் திறந்து பார்த்தார்கள். சீராக்கலில் என்னவெல்லாம் தொலைகிறது என்று 2024இல் கட்டுரையாகவே எழுதினார்கள். அதற்குள் இரண்டு ஆண்டுகளாக அந்தச் சீராக்கியை வைத்து எண்ணற்ற பேர் தங்கள் தமிழ், மலையாள, இந்திக் கருவிகளுக்கு மதிப்பெண் போட்டுச் சுவரில் மாட்டிவிட்டார்கள்.

‘சீராக்கியை அணைத்துவிட்டு அளந்தால் போச்சு’ என்பார்கள். அணையுங்கள். இயந்திரம் ‘வந்து கொண்டிருந்தான்’ என்று பிரித்து எழுதுகிறது. சரியான படியில் ‘வந்துகொண்டிருந்தான்’ என்று சேர்ந்திருக்கிறது. ஒரு சொல் மாறிவிட்டது, ஒரு சொல் கூடிவிட்டது, ஆக இரண்டு பிழை. இருக்க வேண்டிய சொல் ஒன்று. 200 விழுக்காடு பிழை! தமிழாசிரியர்களே இன்றுவரை ஒத்துப்போகாத விஷயத்துக்கு இரட்டைத் தண்டனை. கொலையைக் கேலியாக எழுதியவனுக்கு மாலை, ஓர் இடைவெளி விட்டவனுக்குச் சவுக்கடி. ஆங்கிலத்துக்குத் தைத்த சட்டையைத் தமிழுக்குப் போட்டுப் பார்த்து, சட்டை சரியில்லை என்று சொல்லாமல் தமிழின் கை நீளம் என்று எழுதி வைக்கிறார்கள்.

இது ஏதோ இரண்டு நிரல்களின் கதை என்றால் சிரித்துவிட்டுப் போகலாம். அடித்தளத்திலேயே இதுதான். பைதான் மொழியில் ‘சொல்லுக்குள் வரக்கூடிய எழுத்து’ எது என்று தீர்மானிக்கும் ஒரு குறியீடு உண்டு. அதன் பட்டியலில் நம் கால்களும் கொம்புகளும் இல்லை. யூனிகோடு அமைப்பின் தொழில்நுட்பத் தரம் 18, ஒட்டுக்குறிகளையும் சொல்லெழுத்தாகவே கொள்ள வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. பைதானின் பிழைப்பட்டியலில் 2011இலேயே ஒருவர் இதைக் கோபத்தோடு முறையிட்டிருக்கிறார். சைகிட்-லேர்ன் என்ற பிரபலத் தொகுப்பு, இயல்பாக விட்டால், அடுத்தடுத்து இரண்டு சொல்லெழுத்தாவது இருந்தால்தான் சொல் என்று ஏற்கும். அதனிடம் ‘தமிழ்’ என்று கொடுத்தால் ‘தம’ என்று எடுத்துக்கொள்ளும். ழகரத்தைத் தூக்கிக் குப்பையில் போட்டுவிடும். ழகரத்துக்காக மேடையில் தொண்டை கிழியப் பேசுகிற நம்மவர்களில் ஒருவராவது இதற்கு ஒரு மின்னஞ்சல் அனுப்பியிருப்பாரா?

இயந்திரத்தைப் பழக்கத் தரவு எடுக்கும் இடத்திலும் வாயிற்காப்போர் நிற்கிறார்கள். எம்சி4 என்று 2020இல் கூகுள் திரட்டிய பன்மொழித் தரவில், ஒரு பக்கம் உள்ளே வர வேண்டுமானால் அதில் 200 எழுத்தோ அதற்கு மேலோ உள்ள வரிகள் மூன்றாவது இருக்க வேண்டும். குப்பைப் பக்கங்களைத் தடுக்கும் வடிகட்டி அது, நோக்கத்தில் பழுதில்லை. ஆனால் குறளை மட்டும் போட்ட பக்கத்தை அங்கே கொண்டு போய் நிறுத்திப் பாருங்கள். 1,330 குறளிலும் 200 எழுத்து நீளமுள்ள ஒரு வரி கிடையாது. வள்ளுவர் தரமற்ற உள்ளடக்கம் என்று வெளியே நிற்பார். பக்கத்திலேயே ‘உங்கள் ராசிக்கு இந்த வாரம்’ மூன்று நீண்ட பத்திகளோடு உள்ளே போய் உட்கார்ந்திருக்கும். பிறகு ஒருநாள் அந்த இயந்திரத்திடம் குறள் கேட்போம். அது தானாக ஒன்று இயற்றி, அதிகார எண்ணும் சேர்த்துத் தரும். நாம் ‘ஏஐக்குத் தமிழ் தெரியவில்லை’ என்று மீம் போட்டுச் சிரிப்போம்.

வெளிநாட்டுக்காரனை மட்டும் திட்டினால் பாதிக் கணக்குதான். நம் வீட்டுக் கோப்புகளை எடுங்கள். தட்டச்சு மையங்களிலும் அச்சகங்களிலும் அலுவலகங்களிலும் பல ஆண்டுகளாகக் குவிந்த தமிழ், பாமினியிலும் வானவில்லிலும் இன்னும் பெயர் மறந்த எழுத்துருக்களிலும் கிடக்கிறது. பாமினிக் கோப்பில் ‘தமிழ்’ என்பது ஜே, கே, பி, ஓ, ஒரு அரைப்புள்ளி. எழுத்துரு இருந்தால் தமிழ். இல்லாவிட்டால் பூனை விசைப்பலகை மீது நடந்த தடம். மொழியைக் கண்டறியும் எந்தக் கருவியும் அதைத் தமிழ் என்று சொல்லாது. 2010 ஜூனில், கோவையில் செம்மொழி மாநாடு நடந்த அதே மாதம், யூனிகோடு, டேஸ்-16 என்ற இரண்டு குறியேற்ற முறைகளும் தமிழ்நாட்டின் தரம் என்று அரசாணை வந்தது. அதற்குப் பிறகும் சுற்றறிக்கையை பாமினியில் அடித்து, அச்செடுத்து, முத்திரை குத்தி, கோணலாக ஸ்கேன் செய்து, பிடிஎஃப் ஆக்கி வலையேற்றுகிற கைங்கரியத்தை நம்மை விட்டால் யார் செய்வார்கள்? அந்தப் பிடிஎஃப்பில் தேடினால் ஒரு சொல்லும் கிடைக்காது. தகவல் வெளிப்படையாக இருக்கிறது, படிக்கத்தான் முடியாது.

சரி, கேள்வித்தாளுக்கு வருவோம். எம்எம்எல்யூ என்பது 2020இல் இயந்திரங்களுக்கென்று வந்த பெரிய தேர்வு. 57 பாடங்கள். அதன் 14 ஆயிரம் சொச்சம் கேள்விகளில் 1,500க்கு மேல் அமெரிக்க வழக்கறிஞர் தேர்வுப் பாணியில் அமைந்த சட்டக் கேள்விகள். போதாததற்கு அமெரிக்க வரலாறு வேறு. 2023இல் ஓகாபி என்ற திட்டம் இதைத் தமிழ் உட்பட 26 மொழிகளுக்கு மாற்றியது. மாற்றியவர் யார்? சாட்ஜிபிடி. அதாவது இயந்திரம் மொழிபெயர்த்த கேள்விக்கு இயந்திரம் விடை எழுதுகிறது. கட்டுரை வடிவ விடையாக இருந்தால் திருத்துவதற்கும் இன்னொரு இயந்திரத்தையே உட்கார வைப்பது இப்போதைய நாகரிகம். வேலிக்கு ஓணான் சாட்சி என்பது நம் ஊர்ப் பழமொழி. இங்கே வேலியும் ஓணான்தான், நீதிபதியும் ஓணான்தான். இதில் ஒரு தமிழ்க் கருவி கூடுதல் மதிப்பெண் எடுத்தால் அதற்கு என்ன தெரியும்? அமெரிக்க ஒப்பந்தச் சட்டம் கொஞ்சம் தெரியும். சாட்ஜிபிடியின் தமிழ் நன்றாகப் புரியும். வேளாண் அலுவலகத்தில் ஒருவர் ‘மாவுப்பூச்சி விழுந்திருக்கு’ என்று சொன்னால் புரியுமா என்பது அந்தத் தேர்வில் கேட்கப்படாத கேள்வி.

ஒழுங்காகச் செய்கிறவர்கள் இல்லாமல் இல்லை. சென்னை ஐஐடியின் ஏஐ4பாரத் குழு 22 இந்திய மொழிகளுக்கு, இந்தியச் சூழலிலிருந்தே வாக்கியங்களை எடுத்து மொழிபெயர்ப்புத் தேர்வுத்தாள் ஒன்றை 2023இல் கொடுத்தது. ஆள் வைத்துச் செய்த வேலை. காசும் நேரமும் பிடிக்கும். அதனால்தான் விற்பனைப் பிரிவுக்கு அது பிடிக்காது.

கோயம்பேட்டில் தக்காளி விற்கிறவரின் தராசை எண்ணிப் பாருங்கள். சட்டமுறை எடையளவுச் சட்டம் 2009 அவர் தலைக்கு மேல் தொங்குகிறது. தொழிலாளர் துறை ஆய்வாளர் குறித்த காலத்துக்கு ஒருமுறை தராசைச் சரிபார்த்து முத்திரை வைக்க வேண்டும். முத்திரை இல்லையென்றால் அபராதம். கால் கிலோ தக்காளியில் இருபது கிராம் குறைந்துவிடக் கூடாது என்று அரசுக்கு அவ்வளவு அக்கறை. ஒரு மொழியைப் பேசுகிற கோடிக்கணக்கான பேரின் மனுவை, புகாரை, வாக்குமூலத்தை நிறுக்கப் போகிற தராசுக்கு எந்த முத்திரையும் கிடையாது. தராசைக் கொண்டு வருகிறவரும் அவரே, எடைக்கல்லும் அவருடையதே, எடை சரியாக இருக்கிறது என்று சான்றிதழ் தருவதும் அவரே. நம் அதிகாரிகள் அதை இரு கையாலும் வாங்கிப் புகைப்படத்துக்கு நிற்கிறார்கள்.

நான் படித்த ஒப்பந்தப்புள்ளி ஆவணங்களில் எல்லாம் கேட்டிருக்கிறார்கள். கடந்த மூன்று ஆண்டு வரவு செலவு கேட்கிறார்கள். ஐஎஸ்ஓ சான்று, முன்வைப்புத் தொகை, கறுப்புப் பட்டியலில் இல்லை என்ற உறுதிமொழி, ஒவ்வொரு பக்கத்திலும் கையொப்பம், எல்லாம். ‘தமிழ் ஆதரவு’ என்ற இடத்தில் ‘ஆம்’, ‘இல்லை’ என்று இரண்டு கட்டம். துல்லியம் 90 விழுக்காட்டுக்குக் குறையக் கூடாது என்று ஒரு வரி. எந்த அளவுகோலில் 90? எந்தத் தமிழில், மேடைத் தமிழிலா, திருநெல்வேலிக்காரர் தொலைபேசியில் கத்துகிற தமிழிலா? ஒட்டுக்குறிகளை அழித்த பிறகா, முன்பா? தேர்வில் பயன்படுத்திய ஒலிக்கோப்புகளையும், இயந்திரம் எழுதிய வரிகளையும் அப்படியே ஒப்படைக்க வேண்டும் என்று ஒரு நிபந்தனை போட எவ்வளவு செலவாகும்? அரைப் பக்கம். தமிழ் படிக்கத் தெரிந்த ஐந்தாம் வகுப்புப் பிள்ளையிடம் இரண்டு படியையும் கொடுத்தால் ‘குத்தினான்’ எங்கே ‘குத்தினேன்’ ஆனது என்று மத்தியான மணி அடிப்பதற்குள் வட்டம் போட்டுக் கொடுத்துவிடும்.

இந்தச் சந்தேகங்களைக் கேட்க ஓர் இடம் உண்டு, ஒப்பந்தப்புள்ளிக்கு முந்தைய கூட்டம் என்று பெயர். அங்கே கேள்வி கேட்க ஏலத்தில் கலந்துகொள்ளும் நிறுவனங்களுக்கு மட்டும்தான் இடம். அவர்கள் கேட்பதெல்லாம் முன்வைப்புத் தொகையைக் குறைக்க முடியுமா, கடைசித் தேதியைத் தள்ளிப்போட முடியுமா என்பதுதான். தன் வாயால் சொல்லாததைச் சொன்னதாக நாளைக்குக் கையெழுத்துப் போடப் போகிறவனுக்கு அந்த அறையில் நாற்காலி போடவில்லை.